அக்குள்ல பிடிக்குது

டார்கா: அசையாதே, குண்டூசி குத்திடும்.

லார்ன்: குத்தட்டும். பதினாலு வருஷமா குத்திக்கிட்டுதானே இருக்கே. இன்னைக்கு என்ன திடீர்னு கரிசனம்?

டார்கா: உன் மேல ஒரு கரிசனமும் இல்ல. வெளிர் சாம்பல் துணி, ரத்தம் பட்டா போகாது... சரி, தூக்கு.

லார்ன்: எதை?

டார்கா: என் மானத்தை. கையைத் தூக்குப்பா. எதிர்ல நீ ஏறுற உறைஞ்ச அருவி நிக்குதுன்னு நினைச்சுக்கோ. கோடாலியை ஓங்கு.

லார்ன்: இரு... ம். இது இடது.

டார்கா: இடது நல்லா போகுது. கோட்டு விளிம்பு இடுப்பு வாரை விட்டு ஒரு விரல்கூட ஏறல. இப்ப வலது... வலது, லார்ன்.

லார்ன்: தூக்கிட்டுத்தானே இருக்கேன்.

டார்கா: தோள் மட்டத்துல நிக்குது.

லார்ன்: பிடிக்குது, டார்கா.

டார்கா: எங்க?

லார்ன்: அக்குள்ல. போன தடவை சொன்னேனே, அதே இடம். அதுக்கு முந்தின தடவையும் சொன்னேன். நீ காதுல வாங்கினாத்தானே.

டார்கா: அக்டோபர்லேர்ந்து இது ஆறாவது கோட்டு, தெரியுமா?

லார்ன்: அப்ப ஆறும் தப்பு.

டார்கா: ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னு சொன்னாளாம்.

லார்ன்: யாரைச் சொல்றே?

டார்கா: பழமொழி சொன்னேன். உன் மேல போய் ஒட்டிக்கிச்சுன்னா நான் என்ன பண்றது.

லார்ன்: உனக்கு வயசாகுது. கண்ணு மங்கிடுச்சு. கை சேர்ற இடத்து வெட்டைக் கீழ இறக்கிட்டே, அதான் விஷயம்.

டார்கா: கை வெட்டைப் பத்தி நீ எனக்குச் சொல்றியா?

லார்ன்: ஏன், முதல் வருஷம் யாரு சொன்னது? தொளதொளன்னு ஒரு கோட்டைத் தைச்சு எடுத்துட்டு வந்தே. ரெண்டு பேர் உள்ள புகுந்துக்கலாம். கையைத் தூக்கினா மொத்தக் கோட்டும் கழுத்துக்கு ஏறுச்சு. முதுகுல பனி கொட்டுச்சு.

டார்கா: கொட்டுச்சு. ஒத்துக்கிறேன்.

லார்ன்: கை வெட்டை மேல ஏத்து, அக்குளை ஒட்டி வெட்டு, அப்பதான் உடம்பு ஒரு பக்கம் நிக்கும், கை தனியா ஏறும்னு சொன்னது யாரு?

டார்கா: நீதான். அக்குள்ல தனியா ஒரு துண்டு வைன்னு சொன்னதும் நீதான். அந்தத் துண்டை வச்சுத்தான் இந்தக் கடையே எழுந்து நின்னுச்சு. போதுமா?

லார்ன்: போதாது. இங்க தைக்கிற ஒவ்வொரு கோட்டும் என் உடம்புல வெட்டினது. அலாஸ்காவுல எவனோ ஒருத்தன் என் தோளை மாட்டிக்கிட்டு ஏறிட்டிருக்கான். அப்படிப்பட்ட உடம்பு பிடிக்குதுன்னு சொன்னா, பிடிக்குது.

டார்கா: சரி, பிடிக்குது. செவுத்துப் பக்கம் திரும்பு. எட்டுற வரைக்கும் எட்டு, கோடு போட்டுக்கிறேன்.

லார்ன்: கோடு எதுக்கு இப்ப?

டார்கா: எப்பவும் போடுறதுதானே. குதிகாலைத் தூக்காதே.

லார்ன்: தூக்கல.

டார்கா: தூக்குறே. திருட்டு வேலை பண்ணாதே. பக்கவாட்டுல சாயவும் கூடாது... லார்ன், இடுப்பை வளைச்சு எட்டுறே.

லார்ன்: பனியில அப்படித்தான் எட்டுவோம்.

டார்கா: அங்க எட்டிக்கோ. இங்க நேரா நில்லு... சரி. இறக்கிக்கோ.

லார்ன்: எவ்வளவு?

டார்கா: அக்டோபர் கோடு இங்க. கிறிஸ்துமஸ் கோடு ஒரு சாண் கீழ. இன்னைக்கு கோடு...

லார்ன்: அதை ஏன் காட்டுறே? துணி இழுக்குது, கை போகல. அதைத்தானே நானும் சொல்றேன்.

டார்கா: கோட்டைக் கழட்டிட்டு ஒரு தடவை எட்டேன்.

லார்ன்: எதுக்கு?

டார்கா: சும்மா. ஒப்பிட்டுப் பாக்க.

லார்ன்: குளிருது.

டார்கா: வெளிய சினூக் காத்து வெதுவெதுன்னு அடிக்குது. காலையிலேர்ந்து கூரைப் பனியெல்லாம் தண்ணியா கொட்டுது. உள்ள இஸ்திரிப் பெட்டி வேற கொதிக்குது. யாருக்குக் குளிருது?

லார்ன்: எனக்கு. ஏன், குளிரக் கூடாதா?

டார்கா: கழட்ட முடியலன்னா சொல்லு, நான் கழட்டி விடுறேன். போட்டு விட்டவ நான்தானே.

லார்ன்: நீயாத்தான் போட்டு விட்டே. ஜிப் தைக்கல, பூராக் குண்டூசி, நானே போட்டு விடுறேன்னு. நானா கேட்டேன்?

டார்கா: நீ கேக்கல.

லார்ன்: பின்ன என்ன.

டார்கா: காபி குடிக்கிறியா?

லார்ன்: குடிக்கலாம். பெரோகிக் கொழுக்கட்டை எடுத்துட்டு வந்திருக்கியா? வெங்காய வாசனை வருது.

டார்கா: பன்னெண்டு இருக்கு. அக்கா ஹாலியா செஞ்சது. உனக்குன்னே கொடுத்து விட்டா... வலது கையால எடு.

லார்ன்: என்ன?

டார்கா: முள்கரண்டியை. வலது கைக்காரன்தானே நீ.

லார்ன்: இடது கையாலயும் தின்னலாம். பெரோகிக்கு என்ன, எந்தக் கையில போனா என்ன.

டார்கா: பூட்ஸ் வாங்கிட்டா ஹாலியா. புதுசு. காலுக்குப் பழகணும்னு ரெண்டு நாளா வீட்டுக்குள்ளயே போட்டுட்டு நடக்குறா. கீழ் வீட்டுக்காரர் மேல வந்து கேட்டுட்டுப் போனாராம், குதிரை ஏதாவது வாங்கியிருக்கீங்களான்னு.

லார்ன்: ஹஹ். நல்ல பொம்பளை.

டார்கா: அம்பது வயசு ஆகுது சனிக்கிழமையோட. வாழ்நாள்ல ஒரே ஒரு தடவை அந்த உறைஞ்ச அருவி மேல நின்னு பள்ளத்தாக்கைப் பாக்கணும்னு அவளுக்கு ஆசை. லார்னோட ஒரு நாள், இதுதான் என் பரிசுன்னு செப்டம்பர்லயே நான்தான் எழுதிக் கொடுத்தேன்.

லார்ன்: கூட்டிட்டுப் போறேன். சொன்னேனே.

டார்கா: யாரு முதல்ல ஏறுவா?

லார்ன்: இது என்ன கேள்வி? நான்தான். மேல போய்க் கயித்தைக் கட்டிட்டு, அவளை இழுத்துப் பிடிப்பேன்.

டார்கா: எந்தக் கையால? கேக்குறேன். அவ கால் வழுக்குச்சுன்னா, கயித்தைப் பிடிக்கிறது எந்தக் கை?

லார்ன்: ரெண்டு கையும்தான். என்ன டார்கா, முப்பது வருஷமா இதைத்தானே பண்றேன். என்னமோ நேத்து பொறந்தவன்கிட்ட கேக்குற மாதிரி கேக்குறே. இந்தக் கோட்டைச் சரி பண்ணிக் கொடு, கை தானா போகும். வெள்ளிக்கிழமை பேட்டர்ன் ஃபேக்டரிக்குப் போகணும்னு சொன்னே இல்ல? இதே அளவுல அனுப்பினா போடுறவன் ஒருத்தனும் கையைத் தூக்க மாட்டான். கடை பேரு நாறிடும். நான் உன் நல்லதுக்குத்தான் சொல்றேன்.

டார்கா: பேட்டர்ன் போயிடுச்சு.

லார்ன்: எங்க போச்சு?

டார்கா: ஃபேக்டரிக்கு. மூணு வாரம் ஆச்சு. துணி வெட்டவும் ஆரம்பிச்சுட்டாங்க.

லார்ன்: பிடிக்குதுன்னு நான் சொல்லியுமா?

டார்கா: ஆமா.

லார்ன்: யார் உடம்புல பாத்தே?

டார்கா: அது இப்ப எதுக்கு.

லார்ன்: யார் உடம்புல, டார்கா?

டார்கா: கோர்டி.

லார்ன்: கோர்டியா? சூயிங்கம் மெல்லுற பயலா? அவன் பாதி நாள் கர்லிங் ஆடப் போயிடுவான். அவன் தோளும் ஒரு தோளா?

டார்கா: நீ பிடிக்குதுன்ன மூணாவது கோட்டை எடுத்து அவனுக்குப் போட்டுப் பாத்தேன். ரெண்டு கையையும் தூக்கினான். விட்டத்தைப் பிடிச்சுக் குரங்கு மாதிரி தொங்கினான். விளிம்பு அரை விரல் ஏறல. நான் இதுவரைக்கும் வெட்டினதுலயே நல்ல கோட்டு அதுதான், லார்ன்.

லார்ன்: அவனுக்கு என் அளவு இல்ல.

டார்கா: அதே மார், அதே முதுகு, அதே கை நீளம். டேப் வச்சுப் பாத்துட்டுத்தான் போட்டேன்.

லார்ன்: பதினாலு வருஷம். ஒரு வார்த்தை சொல்லல நீ. முதுகுக்குப் பின்னால இன்னொருத்தனைக் கூட்டிட்டு வந்து நிறுத்தியிருக்கே. நான் ஏறி நிக்கிற இதே பலகை மேலயா?

டார்கா: இதே பலகை மேலதான்.

லார்ன்: நல்லா இருக்கு. ரொம்ப நல்லா இருக்கு. அப்ப என்னை எதுக்கு வரச் சொன்னே? பொம்மை மாதிரி நிக்க வச்சு, குண்டூசி குத்தி, கோடு போட்டு... வேடிக்கை பாக்கவா?

டார்கா: நீயா சொல்லுவேன்னு.

லார்ன்: என்ன சொல்லணும்?

டார்கா: எனக்குத் தெரியாது. உனக்குத்தான் தெரியும்.

லார்ன்: தோள்ல பழைய அடி. நாலு வருஷத்துக்கு முன்னாடி விழுந்தேனே, அது. எண்ணெய் தேய்ச்சு, பயிற்சி பண்ணினா வந்துடும்.

டார்கா: அது இடது தோள். ஆஸ்பத்திரியில பக்கத்துல உக்காந்திருந்தவ நான். எனக்கே கதை சொல்றியா. முழுப் பூசணிக்காயைச் சோத்துல மறைக்கிறதுக்கும் ஒரு அளவு வேணும்.

லார்ன்: காபி ஆறிடுச்சு.

டார்கா: ஆறட்டும்.

லார்ன்: ...நவம்பர்ல கால்கரி போனேன்.

டார்கா: ம்.

லார்ன்: உன்கிட்ட அண்ணன் வீட்டுக்குன்னு சொல்லிட்டுப் போனேன். அண்ணன் வீட்டுக்குப் போகல.

டார்கா: சரி.

லார்ன்: சட்டைப் பொத்தான் போட வரல. அதுதான் முதல்ல. அப்புறம் கோடாலி. ஓங்குவேன், பாதியில கை வேற யாரோடதோ மாதிரி நின்னுடும். டாக்டர் ஊசியெல்லாம் குத்திப் பாத்தாரு. நீ குத்துறதுக்கு அது எவ்வளவோ மேல்... தசைக்குப் போற நரம்பு ஒண்ணொண்ணா செத்துக்கிட்டு வருதாம். மருந்து கிடையாது. கொஞ்சம் மெதுவாக்கலாமாம், அவ்வளவுதான். முதல்ல இந்தக் கை. அப்புறம் அந்தக் கை. அப்புறம் கால். அப்புறம் முழுங்குறது. அப்புறம் மூச்சு. ரயில் நிக்கிற ஊர் பேரெல்லாம் வரிசையா சொல்ற மாதிரி சொன்னாரு.

டார்கா: ஐயோ, லார்ன்.

லார்ன்: அவர் பேசும்போது நான் அவர் மூஞ்சியைப் பாக்கல. கதவைப் பாத்துட்டிருந்தேன். கதவுக் கொக்கியில ஒரு கோட்டு மாட்டியிருந்துச்சு. நீலம். நம்ம கோட்டு, டார்கா. நீ தைச்சது. என் தோள். அந்தாளு அதைப் போட்டுக்கிட்டு ஞாயித்துக்கிழமை மலை ஏறுவாரு போல. நான் ஒண்ணும் சொல்லல.

டார்கா: என்கிட்டயாவது சொல்லியிருக்கலாம்.

லார்ன்: எப்படிச் சொல்றது? சொன்னா அன்னையோட நான் நோயாளி. இங்க வந்து நின்னு, பிடிக்குதுன்னு சொன்னா... நீ திட்டுவே, ஊசியை வாயில கவ்விக்குவே, சரி மாத்திடலாம்பே. ஒரு வாரம் ஓடும். கோட்டு சரியில்லாத ஆளாவே நான் இருந்துட்டுப் போறேனே. அதுல யாருக்கு என்ன நஷ்டம்?

டார்கா: யாருக்கு நஷ்டமா? கிறிஸ்துமஸ்லேர்ந்து எத்தனை பேரைக் கயித்துல கட்டிக் கூட்டிட்டுப் போனே?

லார்ன்: சின்னச் சின்ன ஏத்தம்தான். இடது கையாலயே சமாளிச்சேன்.

டார்கா: எத்தனை பேரு?

லார்ன்: ஏழு.

டார்கா: ஏழு பேரு. நானும் எண்ணிட்டுத்தான் இருந்தேன். அந்த எட்மன்டன் ஜோடி வாசல்ல நின்னு உன்னோட கை குலுக்கினப்போ ஜன்னல் வழியா பாத்துட்டுத்தான் நின்னேன். வாயைத் திறக்கல. ஒவ்வொரு தடவையும், முழுசாத் திரும்பி வந்துட்டாங்களான்னு பாத்துட்டு, கத்தரியை எடுத்துக்கிட்டு உக்காந்துட்டேன்.

லார்ன்: உனக்குத் தெரியுமா அப்ப?

டார்கா: தையல்காரி நான். துணி எங்க இழுக்குது, உடம்பு எங்க இழுக்குதுன்னு தெரியாதா? நோயோட பேர்தான் தெரியாது.

லார்ன்: தெரிஞ்சும் சும்மா இருந்தே.

டார்கா: ஆமா. ஊரார் பிள்ளைங்க போகும்போது ஊமையா இருந்தேன். இப்ப ஹாலியான்னதும் நாக்கு முளைச்சிருக்கு. என்னைத் துப்பணும்.

லார்ன்: ரெண்டு பேரையும் சேத்துத்தான் துப்பணும்.

டார்கா: ...அழாதே.

லார்ன்: நான் அழல. நீதான் அழறே.

டார்கா: சரி. நான்தான்.

லார்ன்: சனிக்கிழமை கோர்டியைக் கூப்பிட்டுக்கோ. ஹாலியாகிட்ட எனக்குக் காய்ச்சல்னு சொல்லு.

டார்கா: காய்ச்சல்னு சொல்ல மாட்டேன்.

லார்ன்: சரி, என்னமோ சொல்லு. கோர்டி நல்லாத்தான் ஏறுவான். சூயிங்கத்தை மட்டும் துப்பிட்டு ஏறச் சொல்லு.

டார்கா: நீ கீழ நில்லு. எங்களோட வா.

லார்ன்: கீழ நின்னு என்ன பண்ண? அண்ணாந்து பாத்துட்டு நிக்கவா? என்னால ஆகாது.

டார்கா: அப்ப என்ன பண்ணப் போறே?

லார்ன்: தெரியல. யோசிச்சா தரை வழுக்குற மாதிரி இருக்கு. அதனால யோசிக்கிறதில்ல... டார்கா.

டார்கா: ம்.

லார்ன்: பேட்டர்ன்தான் போயிடுச்சே. அப்ப இப்ப என் மேல இருக்கிற கோட்டு யாருக்கு?

டார்கா: உனக்குத்தான். வேற யாருக்கு.

லார்ன்: எனக்கு மட்டுமா?

டார்கா: உனக்கு மட்டும்.

லார்ன்: அப்படின்னா சரி. கேளு. சண்டைக்குச் சொல்லல. கைதான் காரணம், ஒத்துக்கிறேன். ஏழு பங்கு கை. ஆனா மூணு பங்கு துணியும் இருக்கு. சத்தியமாச் சொல்றேன். அந்த நோய்க்கு உணர்ச்சி போகாதாம், டாக்டரே சொன்னாரு. எனக்கு நல்லாத் தெரியுது, தூக்கும்போது அக்குள்ல துணி பிடிச்சுக் கீழ இழுக்குது. அதை மட்டும் விட்டுக் கொடு. துண்டை ரெண்டு விரல் பெருசாக்கு. கை காது வரைக்கும் போனாப் போதும். மலையெல்லாம் வேண்டாம், தொப்பியை நானே போட்டுக்கிட்டாப் போதும்.

டார்கா: லார்ன்...

லார்ன்: ரெண்டு விரல்தானே கேக்குறேன். உனக்கு அரை மணி நேர வேலை.

டார்கா: அங்க பெருசாக்க ஒண்ணும் இல்லப்பா. கோர்டி தொங்கிட்டு இறங்கின அன்னைக்கே உன் கோட்டுல வலது அக்குள் துண்டைப் பிரிச்சு எடுத்துட்டேன், நீ என்ன சொல்றேன்னு பாக்க. பிடிக்குதுன்னே. அதுக்கப்புறம் உனக்குத் தைச்ச எதுலயும் அங்க நான் துண்டு வைக்கல. இடது கையை விட்டுத் தடவிப் பாரு... அக்குள்ல துணியே கிடையாது, லார்ன், உன் ஸ்வெட்டர்தான் இருக்கு.